சுருட்டாத பாய்

தறிச் சத்தம் நின்றால் கைக்குழந்தைகள் திடுக்கிட்டு விழித்துக்கொள்கிற ஊர் ஊஞ்சப்பாளையம். வடக்கேயிருந்து ஆட்கள் வந்து இறங்கி, உள்ளூர்க்காரர்கள் ஓட்டிய தறிகளைக் குறைந்த கூலிக்கு ஓட்ட ஆரம்பித்து, பேக்கரி பெஞ்சில் அவன் உட்கார்ந்தால் இவன் எழுந்து போவதும் இவன் உட்கார்ந்தால் அவன் நின்றுகொண்டே டீயைக் குடித்துவிட்டு நகர்வதும் வழக்கமாகிப்போன ஒரு மாசி மாதத்தில், அந்த ஊர் லைன் வீடுகளில் படுத்துத் தூங்கியவர்களின் கனவுகள் ஆள் மாறிப் போயின.

அது பாயால் வந்தது. லைன் வீட்டு ஓனர் ஓர் அறைக்கு ஒரு பாய், ஒரு தலையணை, இரண்டு ஆள் என்று போட்டுவைத்திருந்தார். ராத்திரி ஷிப்டு ஓட்டுகிற உள்ளூர்க்காரன் பகலில் படுப்பான், பகல் ஷிப்டு ஓட்டுகிற வடக்கத்திக்காரன் ராத்திரியில் படுப்பான், ஒருவன் எழுந்து கைலியைக் கட்டுவதற்குள் அடுத்தவன் வாசலில் வந்து நிற்பான். எழுந்ததும் பாயைச் சுருட்டி வைக்க வேண்டும், விரித்தபடி விட்டால் கண்ட கனவு அதிலேயே கிடக்கும் என்று நம் பக்கத்தில் சொல்வதுண்டு. ஆனால் அடுத்தவன் வந்து அதே சூட்டில் விழப்போகிற பாயை எவன் சுருட்டுவான்? ஒருவரும் சுருட்டவில்லை. அவ்வளவுதான் நடந்தது. இதற்கு மேல் காரணம் கேட்டவர்களுக்கு ஊரில் யாரும் பதில் சொல்லவில்லை, கேட்டவர்களும் அதிகமில்லை, ஏனென்றால் எல்லாருக்கும் கனவைப் பற்றிப் பேசவே நேரம் போதவில்லை.

மூன்றாவது அறையில் சென்னியப்பன் இருந்தார். மனைவி பாவாயி செத்தபிறகு வீடு வாசல் எதற்கு என்று ஒரு டிரங்குப் பெட்டியோடு லைன் வீட்டுக்கு வந்தவர். அவருடைய பாயின் மறுபாதி தைதாரி என்கிற ஒடியாக்காரனுடையது. ஊர் அவனை இந்திக்காரன் என்றது, "எனக்கு இந்தி அரைகொறதாண்ணா" என்று அவன் சொல்லிச் சொல்லி அலுத்துப்போயிருந்தான். இரண்டு பேருக்கும் ஆகாது. தலையணையில் கடுகெண்ணெய் நாறுகிறது என்று சென்னியப்பன் அதன்மேல் தன் துண்டை விரித்துத்தான் தலை வைப்பார். பீடி நாற்றம் என்று அவன் அந்தத் துண்டை இரண்டு விரலால் எடுத்து ஜன்னலில் போடுவான். இப்படியே ஒரு வருஷம், வாசலில் ஒருவரையொருவர் தோளுரசாமல் தாண்டிப் போனார்கள்.

சென்னியப்பனுக்கு ஒரு துக்கம் இருந்தது, அதை அவர் யாரிடமும் சொன்னதில்லை. பாவாயி அவர் கனவில் ஒரு தடவைகூட வரவில்லை. செத்தவர்கள் கனவில் வராமலிருந்தால் மனசில் கோபத்தோடு போய்விட்டார்கள் என்று அர்த்தம். தெருவில் கண்டவனுக்கெல்லாம் செத்த கன்றுக்குட்டிகூடக் கனவில் வருகிறது, இருபத்தைந்து வருஷம் கூட இருந்தவள் தன்னிடம் எதற்குக் கோபித்துக்கொண்டாள் என்று தறியின் நாடா இங்கும் அங்கும் அடித்துக்கொள்வதைப் பார்த்தபடி ராத்திரி ராத்திரியாக அவர் யோசித்துக்கொண்டிருந்தார். பகலில் வந்து படுத்தால் அவருக்கு வந்ததோ ஒரு கடற்கரை. தாழம்புதர். புதருக்கு இந்தப் பக்கம் ஓலை வீடு, வாசலில் எண்ணெய் வைத்து இழுத்துச் சீவிய தலையோடு ஒரு சின்னப் பெண். அவள் அவர் கையைப் பிடித்து, ஓட்டைக் காலணா மாதிரி ஒரு சிப்பியைக் கொடுத்து, என்னவோ கேட்பாள். கேட்பது புரியும், எழுந்ததும் மறந்துவிடும். துண்டில் மட்டும் தாழம்பூ வாசம் இருக்கும்.

ஒரு நாள் சாயங்காலம் தைதாரி வாசலில் வழிவிடாமல் நின்றான்.

"அண்ணா, ஒரு அம்மா வருது."

"எந்த அம்மா? வாடகையா?"

"இல்லண்ணா. தூக்கத்துல. தலைல ஈரத் துண்டு கட்டிகினு வருது. புளியங்கொட்டை மெல்லுது. என்னியப் பாத்து, 'நீ யாரு? எங்கீங் எங்க தறிக்காரரு?'ன்னு திட்டுது."

வறுத்த புளியங்கொட்டையைக் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டுதான் பாவாயி எந்த வேலையும் செய்வாள். தறிக்காரரே என்று அவள் கூப்பிட்டது நாலு சுவருக்குள்ளே மட்டும்தான், அதுவும் சந்தோஷமாக இருந்தால்.

"கோவமா இருந்தாளா?"

"என்மேல கோவம்ணா. உங்கமேல இல்ல. நீங்க போனப்பறம் வருது, தெனமும் வருது."

சென்னியப்பன் அன்றைக்கு ஷிப்டுக்குத் தாமதமாகப் போனார், வழியெல்லாம் சிரித்துக்கொண்டே போனார் என்று பார்த்தவர்கள் சொன்னார்கள். கல்யாணத்தன்று முகூர்த்தத்துக்கே தாமதமாக வந்தவள் அவள். பஸ் போனபிறகு ஸ்டாப்புக்கு வருவாள், கொடி இறக்கினபிறகு தேருக்கு வருவாள். அதேபோல் அவர் தூங்கி எழுந்து போனபிறகு கனவுக்கு வந்துகொண்டிருந்திருக்கிறாள், பாவம், தினமும், யாரோ ஒருத்தன் படுத்திருக்கிற பாய்க்கு.

அதற்குள் லைன் முழுக்க இதே பேச்சாகியிருந்தது. ஷிப்டு மாறுகிற நேரத்தில் வாசலுக்கு வாசல் இரண்டிரண்டு பேர் நின்று, கையாலும் அரைகுறைத் தமிழாலும் கனவுகளைக் கைமாற்றிக்கொண்டார்கள். "எங்கம்மா வந்துச்சா?" "வந்துச்சு, பல்லு வலிக்குதாம்." "எங்க எருமை கன்னு போட்டுதா?" "போட்டுது, கெடாரி." பேக்கரி பெஞ்சில் இப்போது நடுவில் இடம் விடாமல் உட்கார்ந்தார்கள், காரணம் அன்பு இல்லை, கனவை மூன்றாமவன் காதில் விழாமல் சொல்ல வேண்டியிருந்தது. அப்படித்தான் ஒரு வழக்கம் உண்டானது: கண்டவன் கனவுக்குச் சொந்தக்காரனிடம் மட்டும் சொல்ல வேண்டும். எட்டாவது அறை உள்ளூர்ப் பையனின் கள்ளக் காதல் ஒரு வடக்கத்திக்காரனுக்குத் தெரிந்து, அந்தப் பெண்ணின் அண்ணன்மார் வந்து அவனைச் சட்டையைப் பிடித்து உலுக்கிக் கேட்டும் அவன் வாய் திறக்காததிலிருந்து அது ஊரின் சட்டமே ஆகிவிட்டது. வெற்றிலைக் கடை அம்மாள் ஒருத்தி, ஓடிப்போன மகனைப் பற்றித் தெரியுமோ என்று, தன் பழைய பாயைத் தூக்கிக்கொண்டு வந்து வடக்கத்திப் பையன்களில் யாராவது இதில் ஒரு பொழுது படுங்கள் சாமி என்று கெஞ்சினாள். கோயில் பூசாரி திருநீறு கொடுத்துப் பார்த்துவிட்டு, கனவில் தன் அப்பாவைக் கண்டவன் யாராவது உண்டா என்று மெதுவாக விசாரித்தார்.

எல்லாமே இனிப்பாக இருக்கவில்லை. ஆறாவது அறை நாச்சான், வடக்கனைக் கண்டாலே காறித் துப்புகிறவன், ஒரு நாள் மத்தியானம் அலறிக்கொண்டு எழுந்து வெளியே வந்தான். ரயில்வே ஸ்டேஷன் பக்கம் நாலைந்து பேர் சேர்ந்து அவனைப் போட்டு அடிப்பதாகக் கனவு. "வலிச்சுதா?" என்றார்கள். "அடி வலிக்கலப்பா," என்றான் நாச்சான், வாளித் தண்ணீரில் முகத்தை முக்கி எடுத்து. "அவனுங்க திட்டுனானுங்க பாரு, அத்தனையும் நம்ம பேச்சு. எனக்கு ஒண்ணு விடாம புரிஞ்சுது. கனவுக்காரனுக்கு ஒண்ணும் புரிஞ்சிருக்காது. அவன் பாக்கியசாலி." அன்றிலிருந்து அவன் காறுவதை நிறுத்தினான். ஆனால் அவர்களைப் பார்த்தால் தலையைக் குனிந்துகொண்டான், அது இன்னும் மோசமாக இருந்தது.

சென்னியப்பனுக்கு ஆசை அடங்கவில்லை. சேதி கேட்டால் போதுமா, பார்க்க வேண்டாமா? ஒரு நாள் ஷிப்டுக்கு லீவு சொல்லிவிட்டு, தைதாரியை வாசலில் சாக்கு விரித்துப் படுக்கச் சொல்லிவிட்டு, அவள் தாமதமாகவே வரட்டும் என்று பகலோடு ராத்திரியும் சேர்த்துத் தூங்கினார். கடல் வந்தது, சிப்பிக்காரப் பெண் வந்தாள். பாவாயி வரவில்லை. மறுநாள் பாய் தைதாரிக்குத் திரும்பியது. அதற்கு மறுநாள் காலையில் அவன் கண்ணைத் துடைத்துக்கொண்டே சொன்னான்.

"அக்கா வந்துச்சாம்ணா. பக்கத்துலயே உக்காந்து இருந்துச்சாம். நீங்க அசந்து தூங்கறீங்கன்னு எழுப்ப மனசு வரலியாம். 'ராத்திரி முழிச்ச ஒடம்பு, எப்படிப்பா எழுப்பறது'ன்னு சொல்லுது. அப்பறம் எந்திரிச்சுப் போயிருச்சாம்."

ராத்திரி ஷிப்டுக்காரர் வீட்டில் பிழைத்தவர்களுக்கு இது புரியும். பகலில் தூங்குகிற ஆளை எழுப்பக் கூடாது. இடி விழுந்தாலும் கூடாது. பாவாயி இருபத்தைந்து வருஷம் வாசலில் உட்கார்ந்து, கோழியை விரட்டி, ஐஸ்காரன் மணியைக் கையால் பொத்தி, விருந்தாளியாக ஒறம்பரை வந்தால் பக்கத்து வீட்டில் உட்காரவைத்துக் காப்பி கொடுத்து, தன் இருமலைத் துணியில் அமுக்கி அமுக்கி அவரைத் தூங்கவைத்தவள். அந்த இருமல்தான் கடைசியில் அவளைக் கொண்டுபோனது, அதன் சத்தம் அவருக்குத் தெரியவே தெரியாது. கனவுக்குள் வர வேண்டுமென்றால் தூங்குகிற ஆளை எழுப்பித்தானே ஆக வேண்டும். அவள் எழுப்ப மாட்டாள். ஆகவே அவரிடம் ஒருநாளும் வர மாட்டாள். தைதாரியின் தூக்கம்தான் இனி அவளுக்கு வீடு, தைதாரி இந்த ஊரில் இருக்கிறவரைக்கும்.

அவன் இருக்கக் கூடாது என்று சொன்னது வேறு யாருமில்லை, பாவாயியின் கூடப்பிறந்த தம்பி கந்தவேலு. தறி ஓட்டுகிறவர்களுக்கு அவன் சொல்தான் சொல். கூலி உயர்வு கேட்டுத் தறியை நிறுத்தலாம் என்று உள்ளூர்க்காரர்கள் முடிவெடுத்தபோது, தறிக் குடோன் முதலாளிகள் ஷட்டரை உள்பக்கம் இறக்கிவிட்டு வடக்கத்தி ஆட்களை வைத்து ஓட்டினார்கள். வெளியே நின்றவர்களுக்குத் தங்கள் தறியின் சத்தம் தங்களுக்கே கேட்டது. அதைவிட வயிற்றெரிச்சல் உண்டா? கல் பறந்தது, ஒரு ஒடியாப் பையனுக்கு நெற்றி கிழிந்தது, நாலு உள்ளூர்க்காரர்களைப் போலீஸ் கொண்டுபோனது, நிறுத்தம் உடைந்து மற்றவர்கள் பழைய கூலிக்கே ஷிப்டுக்குத் திரும்பினார்கள். மறுநாள் மைக் கட்டிய ஆட்டோ தெருத்தெருவாக வந்து, வெளியாட்கள் ஊரைக் காலி செய்ய வேண்டும் என்று கத்திவிட்டுப் போனது. லைன் வீட்டு ஓனர் பயந்துபோய்ச் சரி என்றார். கனவு விஷயம் கந்தவேலுவுக்கும் தெரியும். அதனால்தான் நம் ஆட்கள் அவனுங்களோடு இழைகிறார்கள், பாயைக் கொளுத்தினால் இழை அறுந்துவிடும் என்று கணக்குப் போட்டான்.

ஆட்களோடு அவன் லைனுக்குள் வந்தபோது ஷிப்டு மாறுகிற காலை நேரம். தூங்கிக்கொண்டிருந்தவர்களைத் தட்டி எழுப்பிப் பாய்களை உருவி முற்றத்தில் போட்டார்கள். சென்னியப்பன் வேலையிலிருந்து வந்து நுழைந்தபோது, தைதாரி தலையணையோடு சுவரோரம் நிற்க, அவர்களுடைய பாய் குவியலின் மேலேயே கிடந்தது. அவர் நேராகப் போய் அதன்மேல் உட்கார்ந்துகொண்டார்.

"எந்திரிங் மச்சான்," என்றான் கந்தவேலு. "சீமெண்ணெ ஊத்தப் போறாங்க."

"ஊத்துடா. உங்கக்கா இதுலதான் இருக்கா. அவளெ ஏற்கெனவே ஒருதரம் கொளுத்தியாச்சு. இன்னொருதரமும் நீயே கொள்ளி வை."

யாரோ சிரித்தார்கள். யாரோ "சும்மா இரு" என்றார்கள். கந்தவேலு சிரிக்கவில்லை. அவனைத் தூக்கி வளர்த்தவள் பாவாயி. அவள் சாகிற சமயத்தில் அவன் ஏதோ கூட்டத்தில் இருந்தான்.

"டேய் வடக்கா, இங்க வா. எங்கக்கா உன்ற கனவுல வருதாமா?"

தைதாரி முன்னால் வந்து தலையாட்டினான்.

"என்னியப் பத்தி என்ன சொல்லுச்சு?"

"சொல்லக் கூடாதுங்க. அது அண்ணா கனவு. அண்ணாகிட்ட மட்டும்தான் சொல்லணும்."

ஒருவன் தைதாரியின் கழுத்துப் பக்கம் கையை ஓங்கினான். கந்தவேலு அந்தக் கையைத் தட்டிவிட்டு, சென்னியப்பனைப் பார்த்தான். அந்தப் பார்வையில் தலைவன் இல்லை, மூக்கொழுகிக்கொண்டு அக்காவின் முந்தானையைப் பிடித்துத் திரிந்தவன் இருந்தான்.

"சொல்லு தைதாரி," என்றார் சென்னியப்பன்.

தைதாரி என்ன வேண்டுமானாலும் சொல்லியிருக்கலாம். உங்களை ஆசீர்வதித்தாள் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் லைனே பிழைத்திருக்கும், அது அங்கே நின்ற எல்லாருக்கும் தெரியும்.

"உங்களப் பத்தி அக்கா ஒண்ணும் சொல்லலீங்க," என்றான்.

முற்றத்தில் கேனைப் பிடித்திருந்தவன் அதைக் கீழே வைத்தான். தூரத்தில் பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு போனது.

"ஒண்ணுமேவா?"

"ஒண்ணும் இல்லீங்க."

"அட பாவி," என்றான் கந்தவேலு மெதுவாக. "ஒரு பொய்யாவது சொல்லியிருக்கலாம்லடா."

பிறகு அவன் செய்ததைத்தான் ஊஞ்சப்பாளையம் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறது. மச்சானைக் கையைப் பிடித்து எழுப்பிவிட்டு, சட்டைப் பையிலிருந்த செல்போனை எடுத்து ஒருவனிடம் கொடுத்துவிட்டு, அந்தப் பாயைக் குவியலிலிருந்து இழுத்து வெறுந்தரையில் போட்டு, அத்தனை பேர் நடுவில் அதில் படுத்தான். "மாப்ள, இப்ப அதுல..." என்று சென்னியப்பன் ஆரம்பித்தார், முடிக்கவில்லை. பாயில் இருந்தது தைதாரியின் சூடு. பாவாயி அதில் இல்லை. ஆனால் கந்தவேலு தூக்கமில்லாமல் பல நாள் திரிந்தவன், அவர் வாக்கியத்தை முடிப்பதற்குள் தூங்கிப்போயிருந்தான்.

கொளுத்த வந்தவர்கள் என்ன செய்வதென்று தெரியாமல் நின்றார்கள். நிற்க நிற்க வெயில் ஏறியது. தூங்குகிறவன் முகத்தில் வெயில் விழுகிறதே என்று கேன்காரன் தன் துண்டைப் பிடித்து நிழல் செய்தான், கை வலித்தபோது நெற்றியில் கட்டுப்போட்ட ஒடியாப் பையன் மறுமுனையைப் பிடித்துக்கொண்டான். கந்தவேலு தூக்கத்தில் யாருக்கோ கையை நீட்டினான், எதையோ வாங்கி உள்ளங்கையில் மூடிக்கொண்டான். விழித்தபோது மூடிய கையைத் திறந்து பார்த்தான். ஒன்றுமில்லை. எழுந்து போய் தைதாரியின் காதில் ரொம்ப நேரம் என்னவோ சொன்னான். தைதாரி கேட்கக் கேட்க உதட்டைக் கடித்துக்கொண்டு தலையாட்டினான்.

"என்ன தலைவரே, என்ன கண்டீங்?" என்று கூட்டம் மொய்த்தது.

"சொல்லக் கூடாது," என்றான் கந்தவேலு. "பாயெல்லாம் அவங்கவுங்க அறைல போடுங்க."

அதனால் எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைக்க வேண்டாம். அவன் ஒருவன் வேண்டாமென்றால் மற்றத் தெருக்களில் நிற்குமா? கிழக்கு வீதியில் பாய்கள் எரிந்தன, கருகிய கோரை நாற்றத்தோடு யார் யாருடைய ஆறுகளும் அம்மாக்களும் புகையாகப் போய் ஊர்மேல் படிந்தார்கள். குடோன்காரர்கள் எல்லாத் தறிகளையும் நிறுத்தினார்கள். வடக்கேயிருந்து வந்தவர்கள் எல்லாரும் அடுத்த நாள் சாயங்கால ரயிலுக்குப் போவதென்று பேசிவிட்டார்கள். தைதாரியும் பையைக் கட்டினான். போகாதே, கந்தவேலு உன்மேல் கை வைக்க விட மாட்டான் என்று சொல்லச் சென்னியப்பனுக்கு நாக்கு நுனிவரை வந்தது. எதற்குச் சொல்லுகிறோம், அவனுக்காகவா, பாவாயிக்காகவா என்று தன்னையே கேட்டுப் பார்த்து, கட்டுப்போட்ட நெற்றிகளைப் பார்த்து, பேசாமல் பழையசோற்றில் மோர் ஊற்றிக் கரைத்து ஆளுக்குப் பாதியாக வைத்தார். எங்கள் ஊரிலும் இதேதான் என்றான் அவன், பக்காளா என்போம் என்றான். சாப்பிட்டார்கள்.

தறி இல்லாததால் அன்று ஷிப்டு இல்லை. ரயிலுக்கு இன்னும் பொழுது கிடந்தது. ஒரு வருஷத்தில் முதல் தடவையாக இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் தூக்கம் வந்தது, பாயோ ஒன்று. ஆளுக்குப் பாதி உடம்பு தரையில் இருக்க, தலையணையில் தலையும் தலையும் முட்ட, ஒருக்களித்துப் படுத்தார்கள்.

வெளியே மைக் ஆட்டோ லைனுக்குள் திரும்பியது. வாசலில் குத்தவைத்திருந்த கந்தவேலு எழுந்து ஓடி, ஓடுகிற வண்டியின் கம்பியைப் பிடித்துக்கொண்டு, "மைக்க அமத்துடா. தூங்கறாங்க," என்றான்.

"யாரு தலைவரே?"

"எங்க மச்சானும் ஒறம்பரையும்."

உள்ளே கடல் வந்திருந்தது. தாழம்புதருக்கு இந்தப் பக்கம் சென்னியப்பன் கண்ணை மூடிப் படுத்திருந்தார், கனவுக்குள்ளும் அவருக்குத் தூக்கம்தான். ஈரத் துண்டோடு ஒருத்தி எப்போதும்போலத் தாமதமாக வந்து, சத்தமில்லாமல் அவர் பக்கத்தில் மணலில் உட்கார்ந்தாள். அதே சமயம் தன் அப்பா தைதாரியைத் தேடிக்கொண்டு அந்தச் சின்னப் பெண் ஓடி வந்தாள். தறிக்காரர் வீட்டு வழக்கம் அவளுக்கு என்ன தெரியும்? படுத்திருந்தவரின் தோளைப் பிடித்து, இரண்டு கையாலும் போட்டு உலுக்கினாள்.

"ஐயோ, எழுப்பாத கண்ணு," என்று பதறினாள் பாவாயி. "பாவம், ராத்திரியெல்லாம் முழிச்சவரு."

அந்தக் குரலைக் கேட்டுச் சென்னியப்பன் கண்ணைத் திறந்தார்.

அவள் புளியங்கொட்டையை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்கு ஒதுக்கிக்கொண்டு, குற்றம் செய்தவள் மாதிரி அவரைப் பார்த்தாள். பிறகு, இனி ஒளிப்பதற்கு ஒன்றுமில்லை என்பதுபோல், வாய்விட்டு இருமினாள்.